பேசாப் படத்தில் எங்கே பேசுவது? 1933ஆம் ஆண்டு ஜப்பானியக் குடும்பப் படம் ஒன்றைத் திரையிட்டது பற்றிய நிகழ்வு ஆய்வு

பின்னணி

டோக்கியோவின் கிழக்குப் பக்கத்தில் 120 இருக்கைகள் கொண்ட ஒரு பொது மண்டபம். மாதம் ஒரு பழைய படம் என்று அங்கே திரையிட்டுவந்த சிறு குழு ஒன்று, இயக்குநர் யசுஜிரோ ஓசுவின் 'தெகிகொகொரோ' படத்தை 35 மி.மீ. பிரிண்டில், பென்ஷியும் நேரடி இசையும் வைத்துக் காட்ட முடிவெடுத்தது. தலைப்பைத் தமிழில் 'அந்த நேரத்து ஆசை' என்று சொல்லலாம். குழு அதுவரை போட்டதெல்லாம் பேசும் படங்கள். பேசாப் படம் அதுதான் முதல் முறை. வேலையில் இருந்தவர்கள் ஐந்து பேர்: அமைப்பாளர், ஆபரேட்டர், பென்ஷி, ஷமிசென் என்ற மூன்று தந்தி ஜப்பானிய வாத்தியம் வாசிப்பவர், பியானோ வாசிப்பவர். கையில் இருந்த அவகாசம் மூன்று மாதம்.

பென்ஷி என்பவர் திரைக்கு ஓரமாக நின்று கதை சொல்லி, பாத்திரங்களுக்குக் குரல் கொடுத்து, காட்சிகளுக்கு நடுவே எழுத்தாக வரும் டைட்டில் அட்டைகளை வாசிப்பவர். நம்மூர்க் கொட்டகைகளிலும் அட்டையைப் படித்துச் சொல்ல ஆள் நின்றதுண்டு. ஜப்பானில் அது தனிக் கலையாகவே வளர்ந்தது. நடிகருக்காக வந்த கூட்டத்துக்குக் குறையாமல் பென்ஷிக்காகவும் கூட்டம் வந்தது. 1927இல் அங்கே 6,800 பென்ஷிகளுக்கு மேல் இருந்தார்கள். 1931 ஆகஸ்டில் ஷோச்சிக்கு நிறுவனத்தின் முதல் முழு நீளப் பேசும் படம் வெளிவந்து ஓடியது. அடுத்த ஆண்டே பென்ஷிகள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். 'தெகிகொகொரோ' 1933 செப்டம்பரில், அவர்கள் பிழைப்பு கண்ணெதிரே கரைந்துகொண்டிருந்த நேரத்தில் வந்த படம். ஓசு அதற்குப் பிறகும் இரண்டு மூன்று ஆண்டுகள் பேசும் படத்துக்குப் போகவில்லை. அவருடைய முதல் பேசும் படம் 1936இல்தான் வந்தது.

படத்தின் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுவது பின்னால் வருவதற்கு உதவும். கிஹாச்சி மதுவடிக்கும் ஆலையில் கூலிவேலை செய்பவன், எழுத்து வாசனை இல்லாதவன், மனைவி இல்லை. மகன் தொமியோ பள்ளி மாணவன். தினமும் அப்பனை எழுப்பி வேலைக்கு அனுப்புவது அவன்தான். வேலையும் இருப்பிடமும் இழந்து வந்து நிற்கும் ஹாருஎ என்ற இளம்பெண் மேல் கிஹாச்சிக்கு வயதுக்குப் பொருந்தாத மயக்கம். அவளுக்கோ பக்கத்து வீட்டு ஜிரோ மேல் விருப்பம். மகனுக்கு நோய் வருகிறது, ஆஸ்பத்திரிச் செலவுக்கு முடிதிருத்துபவரிடம் கடன் வாங்க வேண்டிவருகிறது, அதை அடைக்க ஒருவர் வடக்கே ஹொக்கைதோ தீவுக்குக் கூலியாகக் கப்பலேற வேண்டியிருக்கிறது. கிஹாச்சியாகத் தகேஷி சகமோதோவும் தொமியோவாகத் தொக்கான் கொசோவும் நடித்தார்கள். கினெமா ஜும்போ இதழ் அந்த ஆண்டின் ஜப்பானியப் படங்களில் இதற்கே முதலிடம் கொடுத்தது.

முதல் கோளாறு: வேகம்

பிரிண்ட் ஐந்து பெரிய ரீல்களில் வந்தது. மொத்த நீளம் 2,759 மீட்டர். பேசாப் படம் என்றால் நொடிக்கு 18 ஃபிரேம் என்று எங்கோ படித்திருந்ததால், முதல் சோதனை ஓட்டத்தில் ஆபரேட்டர் அந்த வேகத்தை வைத்தார். கிஹாச்சி முழங்கால் தண்ணீரில் நடப்பதுபோல் நடந்தான். திரையில் ஒரு நடுக்கமும் தெரிந்தது.

இரண்டுக்கும் காரணம் வேறு வேறு. நடுக்கம் ஷட்டரால், அதாவது சுழன்று ஒளியை வெட்டிவிடும் இதழ்களால் வந்தது. இரண்டு இதழ் ஷட்டர் ஒவ்வொரு ஃபிரேமையும் இரு முறை காட்டுகிறது. 24 ஃபிரேமில் நொடிக்கு 48 ஒளிவெட்டு, கண் அதைப் பொறுத்துக்கொள்ளும். 18க்கு இறக்கினால் 36 ஆகிவிடும். அங்கே மூன்று இதழ் ஷட்டர் வேண்டும். நடையின் மந்தத்துக்குக் காரணம் வேகமே தவறு என்பது. கைப்பிடி சுற்றிப் படமெடுத்த காலத்துக்கான வேகத்தை 1930களின் ஸ்டுடியோப் படத்துக்குப் போட்டிருந்தார்கள். ஓசுவின் அந்த வருடங்களின் படங்கள் 24இல் ஓட்டினால்தான் இயல்பாக நடமாடும்.

முடிவெடுக்க ஒரு எளிய கணக்கும் ஒரு கண்சோதனையும் போதுமாக இருந்தன. 35 மி.மீ. படம் 24 ஃபிரேமில் நிமிடத்துக்குச் சுமார் 27.4 மீட்டர் ஓடும். 2,759 மீட்டருக்கு அது 100 நிமிடத்துக்குச் சற்று மேல். 20இல் 121 நிமிடம், 18இல் 134 நிமிடம். இந்தப் படத்துக்கு வழக்கமாகக் குறிப்பிடப்படும் நேரமும் 100 நிமிடம்தான். கண்சோதனைக்கு ஆபரேட்டர் எடுத்துக்கொண்டவை மனிதர் கட்டுப்படுத்த முடியாத அசைவுகள்: ஊற்றும் திரவம், கீழே விழும் பொருள், எழும் புகை. நடிகர் வேண்டுமென்றே மெதுவாக நடக்கலாம். சாக்கே மது மெதுவாகக் கொட்டாது. மூன்றும் 24இல் சரியாக இருந்தன.

இரண்டாவது கோளாறு: தகடும் லென்சும்

வேகம் சரியானதும் அடுத்தது தெரிந்தது. திரையில் ஆட்களின் உச்சந்தலை வெட்டுப்பட்டது. இடப்பக்கச் சுவரோரம் உட்கார்ந்திருப்பவர் பாதி காணவில்லை. ஓசு கேமராவைத் தரையருகே வைத்து, சட்டகத்தின் விளிம்புவரை அளந்து நிரப்புகிறவர். அவர் படத்தில் ஓரம் போனால் ஓரம் மட்டும் போவதில்லை.

பிரிண்டைக் கையில் எடுத்துப் பார்த்தாலே விஷயம் புரிந்திருக்கும். பேசும் படத்தில் ஒரு பக்கத் துளைகளை ஒட்டி ஒலிப்பட்டை ஓடும். படம் அதற்கு இடம்விட்டு ஒதுங்கியிருக்கும். இந்தப் பிரிண்டில் பட்டை இல்லை, இரு பக்கத் துளைகளுக்கும் இடையே முழு அகலத்துக்கும் படம். புரொஜெக்டரில் ஃபிலிம் ஒளியைக் கடக்கும் இடத்தில், படம் எவ்வளவு தெரியும் என்பதைத் தீர்மானிக்கும் துளையிட்ட தகடு ஒன்று இருக்கும். அங்கே இருந்ததோ பேசும் படத் தகடு: ஏறத்தாழ 21 × 15.2 மி.மீ. பேசாப் படத்துக்குரிய தகடு 23 × 17.3 மி.மீ. வித்தியாசம் சிறிதாகத் தோன்றும். ஆனால் பேசும் படத் தகட்டின் மையம் ஃபிலிமின் மையத்திலிருந்து ஒன்றேகால் மி.மீ. தள்ளியிருப்பதால் இழப்பு இரு பக்கமும் சமமாக விழுவதில்லை. திரையின் இடப்பக்கத்தில் மட்டும் படத்தின் பத்தில் ஒரு பங்கு போய்விடுகிறது. மேலும் கீழும் தலா ஒரு மி.மீ.

புதுத் தகடு வெட்டுவது ஒரு நாள் வேலை. லென்சுதான் இழுத்தடித்தது. பெரிய தகட்டின் வழியாக அதே லென்சால் காட்டினால் படம் திரையை மீறும். உயரத்தைப் பழைய அளவில் நிறுத்த 85 மி.மீ. லென்சுக்குப் பதில் 97 மி.மீ. அளவில் ஒன்று வேண்டும். வாடகைக்குக் கிடைத்தது 95. மேலும் கீழுமாகச் சேர்த்து 2 சதவீதம் திரையைச் சுற்றியுள்ள கருந்துணியில் விழும் என்று தெரிந்தே அதை ஏற்றுக்கொண்டார்கள், தலைகள் தப்பின. லென்சுத் தாங்கியைப் பக்கவாட்டில் அந்த ஒன்றேகால் மி.மீ. நகர்த்தியதும் படம் திரையின் நடுவுக்கு வந்தது. இந்த நகர்த்தலை மறந்துவிட்டு, புரொஜெக்டரே கோணலாக நிற்கிறது என்று அரை நாள் அதன் காலடியில் கட்டை வைத்துக்கொண்டிருந்தார்கள் என்பதையும் இங்கே பதிவுசெய்ய வேண்டும்.

பென்ஷியின் பிரதி

பென்ஷி நீண்ட அனுபவம் உள்ளவர், ஆனால் பெரும்பாலும் வாள்சண்டைப் படங்களில். அங்கே மூச்சுவிடாமல் பேசுவதே அழகு. இந்தப் படத்துக்கும் அவர் அப்படியே எழுதினார். 100 நிமிடத்தில் 80 நிமிடத்துக்குப் பேச்சு. முதல் கூட்டு ஒத்திகையில் மூன்று சிக்கல்கள் வெளிப்பட்டன.

ஒன்று நேரப் பிசகு. பென்ஷியும் இசைஞர்களும் வீட்டில் ஒத்திகை பார்த்தது ஐரோப்பாவில் வெளியான டிவிடியை வைத்து. அங்கத்திய வீடியோ முறை நொடிக்கு 25 ஃபிரேம் ஓட்டுவதால் படம் ஏறக்குறைய 96 நிமிடத்தில் முடிந்துவிடும். பிரதியின் ஓரத்தில் நிமிடக் கணக்காகக் குறித்துவைத்தவை எல்லாம் மண்டபத்தில் போகப்போகத் தள்ளிப்போயின. கடைசி ரீலில் இசை நான்கு நிமிடம் முந்திக்கொண்டது. அன்றோடு நிமிடக் குறிப்புகள் கைவிடப்பட்டன. டைட்டில் அட்டைகளுக்கு வரிசை எண் போட்டு, இரண்டு அட்டைகளுக்கு நடுவே எத்தனையாவது காட்சித்துண்டு என்று எண்ணி, அதன்படி குறிப்பு எழுதினார்கள். இப்படி எழுதிய குறிப்பு புரொஜெக்டர் எந்த வேகத்தில் ஓடினாலும் பிசகாது.

இரண்டாவது சிக்கல், நகைச்சுவை. தொமியோ அப்பனிடம் ஒரு புதிர் போடுகிறான்: கையில் ஏன் ஐந்து விரல்? நான்கே இருந்தால் கையுறையில் ஒரு விரல் சும்மா தொங்குமாம். பதில் ஒரு டைட்டில் அட்டையில் வருகிறது. பென்ஷி பையனின் முகத்தைப் பார்த்த வேகத்தில், அட்டை வருமுன்பே பதிலைச் சொல்லிவிட்டார். ஒத்திகை பார்க்க வந்திருந்தவர்கள் சிரித்தார்கள். பிறகு அட்டை வந்தது; மண்டபம் அதைச் செத்த எழுத்தாகப் பார்த்தது. ஓசு அந்த அட்டைக்கு முன்னால் விட்டிருந்த இடைவெளி வீணாயிற்று. ஆகவே ஒரு விதி வைத்தார்கள்: அட்டை திரையில் விழுந்து அரை நொடி கழித்தே குரல், அட்டையில் உள்ள சொற்கள் மட்டும். அட்டைகள் பழைய எழுத்துமுறையில், மேலிருந்து கீழாக இருப்பவை. இன்றைய இளையவர்கள் அவற்றை வேகமாகப் படிக்கத் திணறுவதால் வாசிக்காமல் விட்டுவிடவும் முடியாது.

மூன்றாவதில்தான் வாதம் நீண்டது. பள்ளியில் பையன்கள் 'உன் அப்பனுக்கு எழுதப் படிக்கத் தெரியாது' என்று கேலி செய்ய, தொமியோ வீட்டுக்கு வந்து அப்பன் ஆசையாக வளர்க்கும் தொட்டிச் செடியின் இலைகளை உருவிப் போடுகிறான். கிஹாச்சி வந்து பார்த்து மகனை அறைகிறான். மகன் திருப்பி அறைகிறான். அழுதுகொண்டே, மறுபடியும் மறுபடியும். ஒரு கட்டத்தில் அப்பன் கையைத் தாழ்த்திவிட்டு வாங்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். பென்ஷியின் பிரதியில் இந்த இடத்துக்கு எட்டு வரி இருந்தது: தகப்பனின் மனசாட்சி, தாயில்லாப் பிள்ளையின் ஏக்கம் எல்லாம். வரிகள் நன்றாகவே இருந்தன. ஒத்திகையில் யாரும் அசையவில்லை.

அமைப்பாளர் பென்ஷியிடம், "ஐயா, ஒரு தடவை நீங்கள் நின்றால் போதும், பேச வேண்டாம், பார்ப்போம்" என்று கேட்டார். பியானோவும் நின்றது. ரீல் திரும்ப ஓடியபோது, பையனின் கை தாழ்ந்து அவன் முகத்தை மூடிக்கொள்ளும் இடத்தில் பின்வரிசையிலிருந்து ஒரு பெருமூச்சு கேட்டது. பென்ஷி உடனே ஒத்துக்கொள்ளவில்லை. பேசாமல் நிற்பதற்கா தன்னை அழைத்தார்கள் என்பது அவர் கேள்வி, நியாயமானதுதான். கடைசியில் எடுத்த முடிவு: முதல் அறைக்கு முன் பென்ஷி நிறுத்திக்கொள்வார், இரண்டாவது அறையில் ஷமிசெனும் நிற்கும், அப்பனும் மகனும் சமாதானமாகும்வரை மண்டபத்தில் புரொஜெக்டர் சத்தம் மட்டும். எழுதிய 80 நிமிடப் பேச்சு இப்படி ஒவ்வொரு இடமாகக் குறைந்து 55 நிமிடத்தில் நின்றது.

இதன் பிறகு அப்பன் மகனுக்குக் கொடுக்கும் 50 சென் (அரை யென்) நாணயத்துக்கு மட்டும் ஒரு வரி சேர்த்தார்கள். அந்தக் காசு முழுவதற்கும் பையன் தின்பண்டம் வாங்கித் தின்றுதான் படுக்கையில் விழுகிறான். 50 சென் பெரிய தொகை என்பது புரியாவிட்டால், அப்பனின் குற்றவுணர்ச்சிதான் பிள்ளையைப் படுக்கவைத்தது என்பதும் புரியாது. இன்றைய யென்னில் மாற்றிச் சொல்லும் யோசனையைக் கைவிட்டார்கள். மாற்றுக் கணக்கு காதில் விழுந்ததும் பார்ப்பவர் 1933ஐ விட்டு வெளியே வந்துவிடுவார். 'ஒரு யென் டாக்சி' என்ற பெயர் புழங்கிய காலம் அது. "டாக்சிக் காசில் பாதி, ஒரு சிறுவன் கையில்" என்று பென்ஷி சொன்னார்.

தொடக்கக் காட்சி

படம் ஒரு நனிவாபுஷி அரங்கில் தொடங்குகிறது. ஷமிசென் துணையோடு ஒருவர் கதைபாடுகிறார். பாட்டு நமக்குக் கேட்காது. கூட்டத்தில் கேட்பாரற்று ஒரு காசுப்பை கிடக்கிறது. ஒருவர் நைசாக எடுத்துத் திறக்கிறார், காலி, தூக்கிப் போடுகிறார். அடுத்தவர் எடுக்கிறார். சுற்றிவந்து கிஹாச்சி கைக்கு வருகிறது. காலிதான், ஆனால் தன்னுடையதைவிடப் பெரியது. தன் சில்லறையை அதில் மாற்றிக்கொண்டு தன் பையை எறிகிறான். நடுவே தெள்ளுப்பூச்சி கடித்து ஆளாளுக்குத் துள்ளுகிறார்கள். இந்தக் குடும்பத்தின் வறுமையைப் பற்றிச் சொல்ல வேண்டியதெல்லாம் அந்தப் பையிலேயே இருக்கிறது.

முதல் யோசனை, ஷமிசென்காரர் இருக்கும்போது பாட்டை முழுக்கப் பாடிவிடுவது. பாடினார்கள். பாட்டு பிரமாதம், பை காணாமல்போனது. எல்லோரும் பாடுபவரைப் பார்த்தார்கள். இரண்டாவது யோசனை, பை கைமாறும் ஒவ்வொரு முறையும் ஷமிசெனில் ஒரு தட்டு. அது கேலிச்சித்திரம்போல் ஆனது. கடைசியில், கதைபாடுபவர் திரையில் தெரியும்போது மட்டும் குரல் உயர, கூட்டத்தைக் காட்டும்போது அதே பாட்டு வேறு அறையிலிருந்து வருவதுபோல் அடங்கிக் கேட்க, பைக்கென்று எந்த ஒலியும் வேண்டாம் என்று தீர்மானித்தார்கள்.

திரையிட்ட நாள்

இருக்கைகளில் பாதிக்கு மேல் நிரம்பின. பென்ஷியின் மேசை பார்வையாளருக்கு இடப்பக்கம். அவருடைய வாசிப்பு விளக்கின் ஒளி திரையின் கீழ் மூலையில் வழிந்ததைக் கடைசி அரை மணியில் கவனித்து, கறுப்பு அட்டையால் கூம்பு செய்து மூடினார்கள்.

முதல் மூன்று ரீல்களில் பெரிய தடங்கல் இல்லை. கையுறைப் புதிருக்குச் சிரிப்பு அட்டையோடு வந்தது. அறைக் காட்சியில் மண்டபம் எதிர்பார்த்தபடியே அடங்கியது.

மூன்றாவது ரீலிலிருந்து நான்காவதுக்கு மாறும் இடத்தில் திரை மூன்று நொடி வெள்ளையாயிற்று. ரீல் முடிய 8 நொடி இருக்கும்போது ஒரு புள்ளியும் ஒரு நொடி இருக்கும்போது இன்னொரு புள்ளியும் மேல் வலது மூலையில் தெரிய வேண்டும். முதலாவதில் அடுத்த புரொஜெக்டரின் மோட்டாரை ஓடவிட்டு இரண்டாவதில் மாற்றுவது முறை. இந்த ரீலின் வால் எப்போதோ அறுந்து ஒட்டப்பட்டிருந்தது. ஒட்டியதில் இரண்டாவது புள்ளி போய்விட்டது. சோதனை ஓட்டத்தின்போது ஒவ்வொரு ரீலையும் தனியாகப் போட்டுப் பார்த்தார்களே தவிர, மாற்றங்களை ஒத்திகை பார்க்கவில்லை. பென்ஷி வெள்ளைத் திரையைப் பார்த்து, ஆஸ்பத்திரிக்கு ஓடும் அப்பன் மூச்சு வாங்குவதுபோல் ஒரு வரி சொல்லிச் சமாளித்தார். பலர் அதைப் படத்தின் பகுதி என்றே எடுத்துக்கொண்டார்கள். எந்தப் பிரதியிலும் இல்லாத அந்த வரிதான் அன்று அவர் சொன்னதிலேயே சிறந்தது.

முடிவில் கிஹாச்சி ஜிரோவை அடித்துக் கிடத்திவிட்டு அவனுக்குப் பதில் தானே கப்பலேறுகிறான். உடன் வரும் கூலிகளிடம் மகனின் கையுறைப் புதிரைச் சொல்லிச் சிரிக்கிறான். சிரித்தவன் கடலில் குதித்துக் கரையை நோக்கி நீந்துகிறான். பென்ஷி அங்கே புதிரை மகனின் குரலில் சொல்லாமல், அதை மனப்பாடம் செய்த அப்பனின் குரலில் சொன்னார். இதை யாரும் அவரிடம் கேட்கவில்லை.

பின்னர் வந்த கருத்துகள்

பார்த்தவர்களின் கருத்து இரண்டாகப் பிரிந்தது. அறைக் காட்சியின் மௌனத்தைப் பலர் தனியாகக் குறிப்பிட்டார்கள். பென்ஷியைக் கேட்கவே வந்த சில முதியவர்கள், காசு கொடுத்தும் பாதிப் பேச்சுதான் கிடைத்தது என்று குறைப்பட்டார்கள். அதைத் தள்ளிவிட முடியாது; அறிவிப்பில் பென்ஷியின் பெயர் படத்தின் பெயரைவிடப் பெரிதாக அச்சாகியிருந்தது.

மறுமுறை மாற்றியவை

நான்கு மாதம் கழித்து அதே குழு படத்தை மீண்டும் போட்டது. பிரிண்ட் வந்த அன்றே மேசையில் வைத்துக் கையால் சுற்றி, ஒவ்வொரு ரீலின் கடைசி ஐந்து மீட்டரையும் பார்த்து, காணாத மாற்றுப் புள்ளிகளுக்குப் பதில் கடைசிக் காட்சித்துண்டின் அசைவை எழுதிவைத்தார்கள். இரவல் பிரிண்டில் சுரண்டிப் புள்ளி போடுவது கூடாது. பழைய ஃபிலிம் எவ்வளவு சுருங்கியிருக்கிறது என்பதையும் இம்முறை அளந்தார்கள். 1 சதவீதத்தை நெருங்கினால் பல்சக்கரம் துளைகளைக் கிழிக்கும். தகடும் 95 மி.மீ. லென்சும் பெட்டியிலேயே இருந்ததால் பொருத்தும் வேலை ஒரு மணி நேரத்தில் முடிந்தது. ஒத்திகைக்கு டிவிடிக்குப் பதில் 24 ஃபிரேம் கோப்பு. அறிவிப்பில் படத்தின் பெயர் மேலே போனது.

படம் தொடங்குமுன் பென்ஷி பத்து நிமிடம் தனியாகப் பேசினார். பென்ஷிகள் அந்நாளில் செய்த முன்னுரை முறைதான் அது. பேச்சுக்காக வந்தவர்களுக்கு அதிலேயே முக்கால் திருப்தி.

தொடக்கக் காட்சி மட்டும் இன்னும் பிடிபடவில்லை. இரண்டாம் முறை பாட்டை இன்னும் அடக்கிப் பார்த்தார்கள். அரங்கு என்பதே புரியவில்லை என்றார்கள் சிலர். மூன்றாம் முறை அந்த ஐந்து நிமிடத்தையும் முழு மௌனத்தில் விட்டுப் பார்க்க வேண்டும் என்கிறார் ஷமிசென்காரர். பென்ஷி இதற்கு இன்னும் சம்மதிக்கவில்லை.